சேர்த்து முறுக்க மாட்டேன்

பிளக்கைப் பிடுங்கிவிட்டேன், பிடுங்கியது நானேதான், இருந்தும் இன்னொரு முறை திரும்பிப் பார்த்துக்கொள்கிறேன், அதோ தரையில் கிடக்கிறது, கறுப்பாக, என் மகள் ஆதிரையின் மூடிய கை பருமனுக்கு. இந்த வீட்டில் மிக்சிக்கும் விளக்குக்கும் வருவதைப் போல இரண்டு மடங்கு கரண்ட் இந்த ஒரு பிளக்குக்கு மட்டும் வருமாம், அதனால் தொடாதே என்று கல்கரிக்கு வந்து இந்த வீட்டை வாங்கிய வாரமே இவர் சொல்லிவிட்டார். நீ தொட்டா எல்லாம் போயிரும் தாமரை. சிரித்துக்கொண்டுதான் சொல்வார், நாலு பேர் இருக்கும்போது சொல்வார், நாலு பேரும் சிரிப்பார்கள், நானும் சிரிப்பேன். அந்தச் சிரிப்பை இப்போது நினைத்தால் கன்னம் வலிக்கிறது. காலையில் துணி உலர்த்துகிற டிரையர் நின்றுபோனது. கதவைச் சாத்தினேன், விளக்கு எரிந்தது, பட்டனை அழுத்தினேன், உள்ளே ஒரு சின்ன டக், அவ்வளவுதான், உருளை சுற்றவில்லை. நேற்று சாயங்காலத்திலிருந்து ஆதிரைக்கு வாந்தி. விரிப்பு, போர்வை, தலையணை உறை, அவளுடைய கவுன்கள், என்னுடைய நைட்டி, எல்லாம் துவைத்துப் பிழிந்து வாஷிங் மெஷினுக்குள் ஈரமாகக் கிடக்கிறது. வெளியே பனி கொட்டுகிறது. இப்போதுதான் கண்ணயர்ந்திருக்கிறாள், பக்கத்து அறையில், இந்தச் சுவருக்கு அந்தப் பக்கம், டிரையர் நிற்கிற இடத்துக்கு நேர் பின்னால் அவளுடைய கட்டில். இதை நான் எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன், இன்றைக்குத்தான் கவனிக்கிறேன், நடுவில் ஒரு சுவர்தான் இருக்கிறது, அதையும் தட்டினால் அட்டை மாதிரி சத்தம் கேட்கிறது.

இழுத்தால் வராது என்று நினைத்தேன், வந்தது, முதலில் இடது மூலை, பிறகு வலது மூலை, பீரோவை நகர்த்துவது போல நடக்கவைத்து நடக்கவைத்து. சுவருக்கும் மெஷினுக்கும் நடுவில் நான் ஒருத்தி உட்காரும் அளவுக்கு இடம் கிடைத்தது. பின்பக்கத் தகட்டில் சுற்றிலும் திருகாணிகள். போனில் பார்த்த வீடியோவில் தாடிக்காரர் ஒருவர் கழற்றிக் காட்டினார், விரல்கள் ஒவ்வொன்றும் வாழைக்காய் போல, அந்த விரல்களால் எவ்வளவு மெதுவாகக் கழற்றினார், கழற்றிய ஒவ்வொன்றையும் ஒரு கிண்ணத்தில் போட்டார். நான் ஆதிரையின் பால் கிண்ணத்தை எடுத்து வைத்துக்கொண்டேன். டிங். டிங். ஒவ்வொன்று விழும்போதும் எதையோ திருடுவது போல நெஞ்சு அடித்துக்கொள்கிறது. என் வீட்டில், பட்டப்பகலில், என் மெஷினை நான் கழற்றுகிறேன், இதில் திருட்டு எங்கே வந்தது? பயந்துகொண்டே கழற்றலாம், திருகாணிக்கு அது தெரியாது. தகட்டை எடுத்ததும் ஒரு வாடை முகத்தில் அடித்தது. பஞ்சு கருகிய வாடை. புகை இல்லை, தீ இல்லை, எப்போதோ சூடேறி அடங்கிய வாடை, இஸ்திரிப் பெட்டியை மறந்து வைத்த துணி மாதிரி. போன வாரமும் இதே வாடை வந்தது, சொன்னேன், நீ துணியை அடைச்சு அடைச்சுப் போடுற, அதான் என்றார். அன்றிலிருந்து பாதி பாதியாகப் போட்டேன். அந்த வாடை மூக்கில் ஏறும்போது வேறொரு வாடையும் கூடவே ஏறப் பார்க்கிறது, வேண்டாம், இப்போது வேண்டாம், இப்போது நான் ஒரு வெள்ளைப் பொருளைத் தேடிக்கொண்டிருக்கிறேன், அதை மட்டும் பார்க்கிறேன்.

இருந்தது. காற்றைத் தள்ளுகிற விசிறிக் கூட்டின் மேல், சுண்டுவிரல் நுனி அளவுக்கு, வெள்ளையாக, இரண்டு முனைகளிலும் இரண்டு ஒயர். இவ்வளவுதானா நீ? இவ்வளவு பெரிய மெஷினை நிறுத்திப்போட்டது இதுதானா? மெஷின் அளவுக்கு மீறிச் சூடானால் இந்த ஃபியூஸ் உள்ளே அறுந்துகொள்ளுமாம், அறுந்தது அறுந்ததுதான், மறுபடி ஒட்டாது, புதிதுதான் போட வேண்டும் என்றார் தாடிக்காரர். ஒயரைப் பிடித்து இழுக்கக் கூடாது, முனையில் இருக்கும் தகட்டைக் குறடால் பிடித்து இழுக்க வேண்டும். இழுத்தேன். ஒன்று உடனே வந்தது, இன்னொன்று வரவில்லை, வரவில்லை, வராமலே போய்விடும் என்று பயந்தபோது வந்தது, புறங்கை தகட்டு விளிம்பில் உரசி ஒரு கோடு விழுந்தது, ரத்தம் கசிந்தது, பரவாயில்லை. கரண்ட் போகிறதா என்று பார்க்கிற மீட்டர் இவருடைய பெட்டியில் இருந்தது, வாங்கியது வாங்கியபடி, பிளாஸ்டிக் உறைகூடக் கிழிக்காமல். குமிழைத் திருப்பி, சத்தம் போடுகிற குறியில் வைத்தேன். முதலில் மீட்டர் சரியா என்று பார்க்க வேண்டும். அதன் ஒயர்களின் சிவப்பு முனையையும் கறுப்பு முனையையும் ஒன்றோடொன்று தொடவைத்தேன். பீ என்று கத்தியது, நான் துள்ளிவிட்டேன், ஆதிரை விழித்துவிட்டாளோ என்று காது கொடுத்துக் கேட்டேன், இல்லை. சரி. இப்போது ஃபியூஸின் ஒரு பக்கம் சிவப்பு, மறு பக்கம் கறுப்பு. சத்தமில்லை. அழுத்தி வைத்தேன். சத்தமில்லை. நைட்டி ஓரத்தால் அதன் முனைகளைத் துடைத்துவிட்டு மறுபடி வைத்தேன். மீட்டர் முனைகளை மட்டும் தொடவைத்தால் கத்துகிறது, நடுவில் இதை வைத்தால் வாயடைத்துப்போகிறது. அப்படியானால் அறுந்தது இதுதான். நான் கண்டுபிடித்துவிட்டேன். சுவரில் சாய்ந்தபடி, அந்த இடுக்கில், ஒருமுறை வாய்விட்டுச் சிரித்தேன், நாலு பேருக்காகச் சிரிக்கிற சிரிப்பு இல்லை அது. நான் தொட்டதால் எதுவும் போகவில்லை, போனதைத்தான் நான் தொட்டேன், இதை உரக்கச் சொன்னேன், வெந்நீர் டேங்க் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது.

போன் அடித்தது. இவர்தான். மத்தியானம் சாப்பிடும் நேரத்தில் பேசுவார், பின்னால் தட்டுகள் சத்தம். பாப்பாவுக்கு எப்படி இருக்கு? தூங்குறா, கஞ்சி தங்குச்சு. மெஷின் ஆள் கிடைச்சானா? ஆள் வேண்டாங்க, நானே பார்த்துட்டேன், ஃபியூஸ் போயிருச்சு, மீட்டர் வச்சுப் பார்த்தேன். நீ எதுக்குத் திறந்த? "ஏ தாமரை, நீ எதுக்கு அதைத் திறந்த?" என்று இரண்டாவது முறை கேட்டார், முதல் முறையைவிட மெதுவாக, அந்த மெதுவுக்குத்தான் நான் பத்து வருஷமாகப் பயந்துகொண்டிருக்கிறேன், அடிக்க மாட்டார், கத்த மாட்டார், குரலை இறக்கிவிடுவார், நான் அந்தக் குரலுக்குக் கீழே இன்னும் இறங்கிப் போய் மன்னிப்புக் கேட்பேன். இன்றைக்கு இறங்கவில்லை. பிளக்கைப் பிடுங்கிட்டுத்தாங்க திறந்தேன் என்றேன். அவர் பக்கத்தில் யாரிடமோ ஆங்கிலத்தில் கேட்டார், யாரோ சிரித்துக்கொண்டே பதில் சொன்னார்கள். "இந்தா பாரு, ஃபியூஸ் தானே, அதை எடுத்துத் தூரப் போட்டுட்டு அந்த ரெண்டு ஒயரையும் சேர்த்து முறுக்கிவிட்டா ஓடுமாம். இங்க எல்லாரும் அப்படித்தான் செய்றாங்களாம்." நான் அதைத் திருப்பிச் சொன்னேன், சேர்த்து முறுக்கிவிடுறதா? "ஆமா. நீ செய்ய வேண்டாம், நீ எதையும் தொடாத, நான் வந்து முறுக்கிக்கிறேன். புது ஃபியூஸ் வர்ற வரைக்கும்தானே, ஒரு வாரம் ஓடட்டும்." ஓடக் கூடாதுங்க, சூடு தாங்காமத்தானே அது அறுந்திருக்கு, ஏன் சூடாச்சுன்னு பார்க்க வேண்டாமா? "ஏன்னா நீ அடைச்சுப் போடுற. வைக்கிறேன்." வைத்துவிட்டார்.

ஓடட்டும். எப்படியாவது ஓடட்டும். இந்த வார்த்தையை நான் இங்கேதான் முதலில் கேட்டேனா? இல்லை, சாத்தூரில் கேட்டிருக்கிறேன், பரிமளம் சித்தியின் கல்யாணம் முடிந்த மூன்றாம் மாதம், அம்மா போனில் அவளிடம் சொன்னாள், எப்படியாவது ஓட்டு, போகப்போகச் சரியாயிரும். இதோ வந்துவிட்டது அந்த இன்னொரு வாடை, அப்போதே வரப் பார்த்தது, தடுத்து வைத்தேன், இனிமேல் நிற்காது, வா. நான் நாலாம் வகுப்பு. விடிந்தும் விடியாமலும் அம்மா என்னை இழுத்துக்கொண்டு சித்தி வீட்டுக்குப் பஸ் ஏறினாள். ஸ்டவ் வெடிச்சிருச்சு, ஸ்டவ் வெடிச்சிருச்சு என்று பஸ் முழுக்க அதையே முனகிக்கொண்டு வந்தாள். சித்தியை நான் பார்க்கவில்லை, வெள்ளைத் துணி சுற்றியிருந்தார்கள், முகத்தைக் காட்ட வேண்டாம் என்று யாரோ சொன்னார்கள். என்னைத் தண்ணீர் குடிக்கப் பின்கட்டுக்கு அனுப்பினார்கள், அது அடுப்படி வழியாகப் போக வேண்டும். சுவரெல்லாம் கறுப்பு. அந்த வாடை. மூலையில், ஜன்னல் கட்டையில், மண்ணெண்ணெய் ஸ்டவ். பித்தளை ஸ்டவ். பம்பு அடிக்கிற கம்பி நேராக இருந்தது, மூடி இருந்தது, மேலே பாத்திரம் வைக்கிற வளையமும் இருந்தது. சித்தி புளி போட்டுத் தேய்த்து வைப்பாள், அப்படியே மின்னிக்கொண்டிருந்தது. வெடித்தது என்றால் தீபாவளி வெடி மாதிரி சிதறியிருக்க வேண்டும் என்று எனக்குத் தெரியும், அந்த வயதில் அது நன்றாகத் தெரியும். ஓடிப்போய், அத்தனை பேர் நடுவில், அம்மா, ஸ்டவ் நல்லாத்தானே இருக்கு என்றேன். அம்மா என் வாயைப் பொத்தினாள். உள்ளங்கை பல்லில் இடித்து உதடு கிழிந்தது, அவ்வளவு வேகம். சித்தியின் மாமியார் என்னைப் பார்த்தாள், அழுகையை நிறுத்திவிட்டுப் பார்த்தாள். திரும்பி வரும்போது பஸ்ஸில் அம்மா சொன்னாள், எனக்கு இன்னொரு தங்கச்சி கட்டிக்கொடுக்க இருக்கா தாமரை, வாயை வச்சுக்கிட்டு இரு. வாயை வைத்துக்கொண்டேன். பள்ளிக்கூடத்தில் வைத்துக்கொண்டேன், கல்லூரியில் வைத்துக்கொண்டேன், விமானம் ஏறி இங்கே வந்தும் வைத்துக்கொண்டேன். அந்த ஸ்டவ்வை யாரும் எடுத்துப் பார்க்கவில்லை. கையில் எடுத்து, மூடியைத் திறந்து, பம்பை அடித்து, இது வேலை செய்கிறதா இல்லையா என்று ஒருத்தர், ஒரே ஒருத்தர் பார்த்திருக்கலாம். பார்த்தால் தெரிந்துபோகும் என்பதால் பார்க்கவில்லை.

நான் பார்ப்பேன். ஏன் சூடானது என்பதையும் பார்ப்பேன். பஞ்சு பிடிக்கிற சல்லடையை ஒவ்வொரு முறையும் நான்தான் எடுத்துப் பஞ்சை உருட்டிப் போடுகிறேன், அதில் அடைப்பு இல்லை. அப்படியானால் சூடான காற்று வெளியே போகிற வழி. மெஷினின் பின்னாலிருந்து சுவர் ஓட்டைக்குப் போகிற வெள்ளிக் காகிதக் குழாய். டார்ச்சை அடித்தேன். குழாய் குழாயாகவே இல்லை, நசுங்கி, லாரி மேலே ஏறிப் போன தகர டப்பா மாதிரி சப்பையாகிச் சுவரோடு ஒட்டிக் கிடந்தது. பிரித்து இழுத்தேன், உள்ளிருந்து பஞ்சு வந்தது, சாம்பல் நிறத்தில், கம்பளி கம்பளியாக, கையை விட்டு அள்ள அள்ள வந்தது, ஆதிரையின் ரோஸ் கவுன் நூல், இவருடைய நீலச் சட்டை நூல், என் தலைமுடி, எல்லாம் ஒன்றாக. நடுவில் ஒரு கை அளவு பழுப்பேறிப்போயிருந்தது. பொடிந்தது. அதைக் கையில் வைத்துக்கொண்டு சுவரைப் பார்த்தேன், அட்டை மாதிரிச் சத்தம் கேட்கிற சுவரை. யார் நசுக்கினார்கள்? யோசிக்க வேண்டியதே இல்லை. புரட்டாசியில், மொத்தமாக வாங்குகிற, கை துடைக்கிற காகிதச் சுருளெல்லாம் அடுக்க இவர் எதிர்ச் சுவரில் அலமாரி அடித்தார், அலமாரிக் கதவு திறக்க இடம் போதவில்லை, காலைச் சுவரில் உதைத்துக்கொண்டு மெஷினை முதுகால் பின்னுக்குத் தள்ளினார். க்ரக் என்று சத்தம் வந்தது. என்னங்க பின்னாடி ஏதோ நசுங்குது என்றேன். ஒண்ணும் நசுங்கல, நீ அந்தப் பக்கம் போ என்றார். போனேன். இனிமேல் அந்தப் பக்கம் போவதாக இல்லை.

அதற்குப் பிறகு எல்லாம் சுறுசுறுப்பாக நடந்தது, எனக்குள் யாரோ முந்தானையைச் செருகிக்கொண்டு நின்ற மாதிரி. அதே எண் போட்ட ஃபியூஸும், நசுங்காத கெட்டித் தகரக் குழாயும் கம்ப்யூட்டரில் தேடி ஆர்டர் போட்டேன், வர நாளாகும் என்றது, ஆகட்டும். ஈரத் துணிகளை எடுத்தேன். இந்தத் தெருவில் யாரும் துணியை வெளியே தெரிய உலர்த்த மாட்டார்கள், ஜன்னலில் ஒரு துண்டு தொங்கினால்கூட இவருக்கு முகம் சுருங்கும், நம்ம ஊருன்னு நெனச்சியா என்பார். நான் விரிப்பை மாடிப்படிக் கைப்பிடியில் போட்டேன். போர்வையை வாசல் பக்கத்துப் பெரிய ஜன்னலின் திரைக்கம்பியில் மாட்டினேன், தெருவுக்கு முழுசாகத் தெரியும்படி. கவுன்களைக் கதவுப் பிடிகளில். நைட்டியை இவர் ஓடாத ஓட்ட மெஷினின் மேல். சோபாவின் முதுகு, சாப்பாட்டு நாற்காலிகள், எல்லாவற்றுக்கும் ஈர ஆடை உடுத்திவிட்டேன். வீடு முழுக்கச் சோப்பு வாசனை, கண்ணாடியில் ஆவி படிந்தது. ஆதிரை எழுந்தாள், இரண்டு வாய் கஞ்சி குடித்தாள், அம்மா, வீடு மழையில நனைஞ்சிருச்சா என்று கேட்டுவிட்டு, என் சேலையைப் போர்த்திக்கொண்டு மறுபடி படுத்தாள். நான் வந்து டிரையருக்குப் பின்னால் உட்கார்ந்தேன். இவர் வந்தால் என்ன சொல்வார், நான் என்ன சொல்வேன் என்று மனசு ஒத்திகை பார்க்கிறது, ஒவ்வொரு ஒத்திகையிலும் கடைசியில் நான்தான் எழுந்து வழிவிடுகிறேன், அதைப் பார்த்து எனக்கே கோபம் வந்து மறுபடி முதலிலிருந்து தொடங்குகிறேன். மறுபடி எழுந்துவிடுகிறேன். பழகிப்போன கால். இந்தக் காலை நம்பக் கூடாது. காலை மடக்கிச் சம்மணம் போட்டுக்கொண்டேன்.

கார் வந்தது. வாசல் கதவு. காலடிச் சத்தம் வாசலிலேயே நின்றது, துணிகளைப் பார்க்கிறார் போலும். படியேறி வந்தார், கையில் ஒயரில் சுற்றுகிற கறுப்பு டேப். என்ன கோலம் இது என்றார். ஈரத் துணிங்க என்றேன். குனிந்து இடுக்குக்குள் பார்த்தார், என்னை, கிண்ணத்தை, பஞ்சு மலையை, நசுங்கிய குழாயை. குழாயில் கண் கொஞ்சம் தங்கியது. பிறகு விலகியது. "சரி, எந்திரி. அஞ்சு நிமிஷ வேலை." ஃபியூஸையும் மீட்டரையும் நீட்டினேன். நீங்களே வச்சுப் பாருங்க. வாங்கி, இரண்டு முனையையும் வைத்தார், கத்தவில்லை. மீட்டர் சரியில்ல என்றார். நான் கையை நீட்டி, அவர் பிடித்திருந்த சிவப்பையும் கறுப்பையும் ஒன்றோடொன்று தொடவைத்தேன். பீ. எங்கள் இருவர் முகத்துக்கும் நடுவில் அது கத்திக்கொண்டே இருந்தது, நானாக எடுக்கவில்லை, அவர்தான் எடுத்தார். "தெரியுது, போயிருச்சு. அதுக்குத்தான் ஒயரைச் சேர்க்கலாம்னு சொல்றேன், நகரு." நகர மாட்டேன். "என்னது?" குரல் இறங்கியது. அந்த மெதுவு. பயம் எங்கும் போய்விடவில்லை, அதைச் சொல்லத்தான் வேண்டும், பக்கத்திலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தது. நான் பழுப்பேறிய பஞ்சை உள்ளங்கையில் வைத்துக் காட்டினேன். "இது இந்தச் சுவருக்கு இந்தப் பக்கம் கருகியிருக்கு. அந்தப் பக்கம் உங்க பிள்ளை தலை வச்சுப் படுக்குறா. இந்த மெஷினை நீங்க முதுகால தள்ளினப்போ குழாய் நசுங்குச்சு, நான் சொன்னேன், நீங்க கேக்கல. இந்த வீட்டுல இந்த ரெண்டு ஒயரும் சேராது. சேர்க்கணும்னா என்னைத் தூக்கிட்டுச் சேர்த்துக்கங்க." இவ்வளவு நீளமாக நான் அவரிடம் பேசியதே இல்லை, மூச்சு வாங்கியது. டேப்பைக் கையில் உருட்டிக்கொண்டே நின்றார். ஏதோ சொல்ல வாயெடுத்தார், அப்போது பக்கத்து அறையில் ஓக்களிக்கிற சத்தம், அம்மா என்று ஆதிரை அழைத்தாள், என் உடம்பு முழுக்க எழுந்துவிட்டது, கால் மட்டும் எழவில்லை. எழுந்தால் இந்த இடம் போய்விடும். "அப்பா வர்றாங்கடா" என்று சுவர் வழியே சத்தமாகச் சொன்னேன். அவர் என்னைப் பார்த்தார். நானும் பார்த்தேன். போனார். அட்டைச் சுவர் வழியே எல்லாம் கேட்டது. ஒண்ணுமில்ல தங்கம், ஒண்ணுமில்ல. தண்ணீர்க் குழாய் திறந்து மூடிய சத்தம். அலமாரி திறந்தது, மூடியது, இன்னொன்று திறந்தது. பிறகு கதவோரம் வந்து, உள்ளே வராமல், கேட்டார். "போர்வை எங்க இருக்கு?" எல்லாம் ஈரமா இருக்கு என்றேன். "பிள்ளைக்குக் குளிருதுடி, எதைத்தான் போர்த்த?" உங்க கோட்டைக் கழற்றிப் போர்த்துங்க. ஆபீஸ் கோட்டு, வெளுக்கக் கொடுத்து வாங்குகிற கோட்டு, ஒரு சொட்டுத் தண்ணீர் பட விடமாட்டார். அப்புறம், பித்தான்கள் ஒவ்வொன்றாகக் கழல்வது கேட்டது.